ஜலீலின் இருமல்

ஜலீலுக்கு இருமல் நின்றுவிட்டதென்று ஆஸ்பத்திரியில் எல்லோரும் சந்தோஷப்பட்டார்கள். ரபியாவால் முடியவில்லை. அந்த இருமல் அவளுக்கு இன்னும் கேட்டுக்கொண்டுதான் இருந்தது.

பழனி மலையில் வடகவுஞ்சி ஊருக்கு மேலே வெள்ளைக்காரர் ஒருவர் விட்டுப்போன காப்பித் தோட்டத்துப் பங்களாவை அந்த வருஷம், ஐம்பத்தெட்டில், காசநோய் ஆஸ்பத்திரியாக மாற்றியிருந்தார்கள். மதராஸிலிருந்து வந்த டாக்டர் தேவசகாயம் அங்கே ஒரு புது மாத்திரையைச் சோதித்துக்கொண்டிருந்தார். பழனி கடைவீதியில் வளையல் கடை வைத்திருந்த ஜலீல் ரத்தம் கக்கிக் கக்கி வற்றிப்போன பிறகு, வைத்தியம் இலவசம், கைநாட்டு வைத்தால் போதும் என்று கேள்விப்பட்டு ரபியாதான் புருஷனை பஸ் ஏற்றிக் கூட்டிவந்தாள்.

முதலில் அது கேட்டது ஒரு மத்தியானம். பள்ளத்திலிருந்து மேகம் ஏறி வந்து, யூகலிப்டஸ் மரங்களை ஒவ்வொன்றாக மறைத்து, வராந்தாத் தூண்களைத் தடவி, ஈரக் கம்பளியும் பினாயிலும் காய்ந்த சளியும் கலந்த வார்டு வாடையோடு வாடையாக உள்ளே நுழைந்து, எதிரில் நிற்பவர் முகமே தெரியாமல் ஆக்கிய நேரம். வராந்தாவில் அவனுடைய சட்டையைப் பிழிந்துகொண்டிருந்தவள் கையை நிறுத்தினாள். தொண்டையைச் செருமுவதுபோல் சின்னதாய் இரண்டு. பிறகு ஈர மரத்தில் ரம்பம் இழுத்த மாதிரி நீளமாய் ஒன்று. கடைசியில் மூச்சை உள்ளே இழுக்கையில் மெல்லிய ஒரு விசில். இரண்டு வருஷமாக அந்தச் சத்தத்துக்குப் பக்கத்தில் படுத்திருந்தவள். ஆயிரம் பேர் இருமினாலும் அவளுக்கு அது தனியாகத் தெரியும்.

"மச்சான்" என்று உள்ளே ஓடினாள். ஜலீல் வாயை மூடித் தூங்கிக்கொண்டிருந்தான். இருமல் மறுபடி வந்தது. வார்டிலிருந்து இல்லை. பின்பக்கம், தகரம் வேய்ந்த கொட்டகையிலிருந்து.

நர்ஸிடம் சொன்னாள். "எதிரொலிம்மா. மலைன்னா அப்படித்தான்."

"இவுக இருமவே இல்லையே சிஸ்டர். இருமாததுக்கு எங்கேருந்து எதிரொலி வரும்?"

"குணமாகிட்டு வர்றாரு. அதை நெனச்சு சந்தோஷப்படுங்க." சிஸ்டர் மருந்துத் தட்டோடு அடுத்த கட்டிலுக்கு நகர்ந்துவிட்டார்.

அடுத்த கட்டிலில் அடுக்கம் கிராமத்துப் பொன்னுச்சாமி. அவனுக்குத் துணையிருந்த ஆத்தா குப்பம்மாளிடம் சொல்லிப் பார்த்தாள். "வந்த நல்லதப் போயி ஏன் நோண்டுற பாயம்மா? எம்மவனுந்தான் இப்ப இருமுறதில்ல. அந்தப் பழனியாண்டவன் கண்ணு தொறந்துட்டான்னு பேசாமக் கெட" என்றாள் குப்பம்மாள்.

கொட்டகையில் என்ன இருக்கிறது? கம்பவுண்டரைக் கேட்டால் "சாமான்" என்றார். ஆயாவைக் கேட்டால் "உனக்கு வேற சோலி இல்லியா?" என்றாள். டாக்டரைக் கேட்கலாம் என்று ஆபீஸ் அறை வாசலில் காலையெல்லாம் நின்றாள். அவர் பின்வாசல் வழியாக ஜீப்பில் ஏறிக் கொடைக்கானலுக்குப் போய்விட்டதாக உச்சி வெயிலுக்குப் பிறகு சொன்னார்கள். மறுநாளும் நின்றாள். கடைசியில் சிஸ்டர்தான் சலித்துப்போய்ச் சொன்னார்.

"சீமை எலிம்மா, கினிப்பன்றின்னு சொல்வாங்க. முயல் குட்டி மாதிரி இருக்கும். இங்க ஒவ்வொருத்தர் சளியையும் ஒவ்வொரு எலிக்கு ஊசி போட்டிருக்கு. நோய் எந்த வேகத்துல பிடிக்குதுன்னு தெரியணும்ல. கொஞ்ச நாள் கழிச்சு அறுத்துப் பார்ப்பாங்க."

"எங்க வீட்டுக்காரவுக சளியையுமா?"

"எல்லாரோடதும்தான்."

"எங்ககிட்ட ஒரு வார்த்தை கேக்கலையே."

சிஸ்டர் உண்மையிலேயே புரியாமல் பார்த்தார். "துப்பின சளிக்கு யாராவது கேப்பாங்களா?"

"சரி, மாத்திரையாவது நல்ல மாத்திரைதானே?"

"பாதிப் பேருக்கு மருந்து. பாதிப் பேருக்குப் பார்க்க அதே மாதிரி, உள்ளே வெறும் மாவு. யாருக்கு எதுன்னு எனக்கும் தெரியாது. தெரிஞ்சுட்டா சோதனை கெட்டுப்போகும்."

ரபியாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. யாரைத் திட்டுவது? எல்லோரும் நல்லவர்களாக இருந்தார்கள். பால் கொடுத்தார்கள், முட்டை கொடுத்தார்கள், கம்பளி கொடுத்தார்கள். 

அன்றிலிருந்து அவள் காது கொட்டகைப் பக்கமே இருந்தது. ஜலீலுடைய இருமல் மட்டுமில்லை. நாய் குரைப்பதுபோல் ஒன்று வரும். அது வந்த புதிதில் பொன்னுச்சாமி இருமிய இருமல். விக்கலில் முடிகிற ஒன்று. அது மூலைக் கட்டில் வாத்தியாருடையது. வார்டு நாளுக்கு நாள் அமைதியாகிக்கொண்டு வந்தது. கொட்டகை நிரம்பிக்கொண்டு வந்தது. ஜலீல் முன்போலப் பேசுவதும் இல்லை. கேட்டதற்குத் தலையை ஆட்டுவான். அவன் கண்கள் எப்போதும் பின்பக்கச் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தன.

ஒருநாள் காலை குரைக்கிற இருமல் பாதியில் நின்றது. யாரோ வாயைப் பொத்தியதுபோல. அதற்குப் பிறகு அது கேட்கவே இல்லை.

அன்று சாயங்காலம் பொன்னுச்சாமி கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தான். கன்னத்தில் நிறம்கூட ஏறியிருந்தது. ஆனால் சோற்றைத் தொடவில்லை. "பசிக்கலையாம்" என்றாள் குப்பம்மாள். மறுநாளும் பசிக்கவில்லை. டாக்டர் வந்து பார்த்து, பூரண குணம் என்று சொல்லி வீட்டுக்கு அனுப்பினார். பஸ் நிற்கிற ரோட்டுக்குச் செங்குத்தாக ஏறவேண்டும். குப்பம்மாள் நின்று நின்று, முட்டியைப் பிடித்து, மூச்சு வாங்கி ஏறினாள். பொன்னுச்சாமி மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு எங்கேயும் நிற்காமல் ஏறினான். "ஏலே, செத்த நில்லுடா!" என்று ஆத்தா கத்தினாள். அவன் திரும்பிப் பார்க்கவில்லை. ஒரே சீராக நடந்து மேகத்துக்குள் போனான். கீழே நின்ற ரபியா அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் மத்தியானச் சாப்பாட்டு வேளையில், எல்லோரும் உள்ளே இருந்தபோது, அவள் கொட்டகைக்குப் போனாள். வாசலில் நல்லுசாமி புல் நறுக்கிக்கொண்டிருந்தான். எலிகளுக்குத் தீனி போடுகிறவன். இரண்டு காதிலும் பஞ்சு. அவளைப் பார்த்ததும் ஒரு காதுப் பஞ்சை எடுத்தான்.

"உங்களுக்கும் கேக்குதா?" என்றாள் ரபியா.

அவன் அரிவாளைக் கீழே வைத்தான். "டாக்டர் ஐயாகிட்டச் சொன்னேங்க. குடிச்சிருக்கியான்னு கேட்டாரு. நான் தொடுறதே இல்லீங்க."

"பதினோராம் கட்டில். ஜலீல். அவுகளது எது?"

"நாளைக்கு வெள்ளனே அறுக்கப் போறது அதைத்தாங்க" என்றான் நல்லுசாமி. கதவை விட்டு விலகி நின்றான்.

உள்ளே இருட்டாக இருந்தது. புல் வாடை, மூத்திர வாடை, அதற்கு அடியில் அவளுக்கு நன்றாகப் பழகிய வாடை ஒன்று: காய்ச்சல்காரன் தலையணை வாடை. சுவர் நெடுகக் கம்பிக் கூண்டுகள். அவள் காலடி கேட்டதும் இருமல்கள் நின்றன. எல்லாம் ஒரே சமயத்தில்.

அவள் நின்றாள்.

கூண்டுகளுக்குள் கறுத்த சின்னக் கண்கள். எல்லாம் அவளையே பார்த்தன.

"மச்சான்?" என்றாள். ஏன் அப்படிக் கூப்பிட்டோம் என்று அவளுக்கே தெரியவில்லை.

கீழ் வரிசையில் ஒன்று அசைந்தது. தொண்டையைச் செருமியது. சின்னதாய் இரண்டு. நீளமாய் ஒன்று. விசில்.

பழுப்பும் வெள்ளையுமாக உள்ளங்கையில் அடங்குகிற பிராணி. கூண்டைத் திறந்து தொட்டதும் விலாவெலும்பு கையில் தட்டுப்பட்டது. கொதித்தது. அவள் அதை எடுத்துத் துப்பட்டிக்குள் மார்போடு சேர்த்துக்கொண்டு வெளியே வந்தாள். நல்லுசாமி சுவரைப் பார்த்துத் திரும்பி நின்று, பஞ்சை மறுபடி காதில் திணித்துக்கொண்டிருந்தான்.

கட்டிலருகே அவள் வந்ததும் ஜலீலின் கண்கள் சுவரை விட்டுத் திரும்பின. அவளைப் பார்த்தன. உதடு அசைந்தது.

"ரபியா... நெஞ்சு வலிக்குது புள்ள."

இருமினான். துப்பட்டிக்குள்ளும் அதே இருமல். இரண்டும் ஒரே தாளத்தில். அவனுடைய வாயோரம் சிவப்பாய் ஒரு கோடு இறங்கியது. அதைத் துடைத்தபடி ரபியா சந்தோஷத்தில் அழுதாள்.

"கடைய யாரு பாத்துக்கிறா?" என்றான்.

"தம்பி பாத்துக்கிறான். நீங்க பேசாதீங்க. நாம ஊருக்குப் போயிடலாம். வெரசாப் போயிடலாம்."

அவனுடைய செருப்பைத் தேடிக் குனிந்தாள். நிமிர்ந்தபோது டாக்டர் தேவசகாயம் நின்றிருந்தார். பக்கத்தில் சிஸ்டர், இரண்டு ஆயாக்கள். இருமல் சத்தம் கேட்டு வந்தவர்கள். துப்பட்டிக்குள் அசைவதைப் பார்த்துவிட்டார்கள்.

"கொடுங்கம்மா. அந்தக் கினிப்பன்றிக்கு நோய் இருக்கு. உங்களுக்கும் ஒட்டும்" என்றார் டாக்டர். கோபமே இல்லாத குரல்.

"இத அறுக்காதீங்கய்யா. இது அவுக."

"இது பிராணிம்மா."

"கூட இருந்தாத்தான் அவுக பேசுறாக. நீங்களே கேளுங்க. மச்சான், சொல்லுங்க."

ஜலீல் இருமினான். டாக்டர் முகம் சுருங்கியது. "பாருங்க, நின்னிருந்த இருமல் திரும்பிடுச்சு. நீங்கதான் கெடுக்கிறீங்க."

"உயிரோட கண்ணு முன்னால இருக்கிறவுகளை விட்டுட்டு, இத அறுத்து என்னத்தைய்யா பாக்கப் போறீங்க? என்ன தெரியணுமோ அவுகளைக் கேளுங்களேன்!"

"மனுஷனைத் திறந்து பார்க்க முடியாதேம்மா" என்றார் டாக்டர், குழந்தைக்குச் சொல்வதுபோல. "இதிலிருந்து தெரிஞ்சுக்கிட்டா நாளைக்கு ஆயிரம் பேர் பிழைப்பாங்க."

"இவுக?"

அவர் ஆயாக்களைப் பார்த்துத் தலையசைத்தார். ஆயாக்கள் அவள் கைகளைப் பிடித்தார்கள். டாக்டர் அதை இரண்டு கையாலும் மென்மையாக எடுத்துக்கொண்டு நடந்தார். அவர் தூரம் போகப் போக ஜலீலின் இருமல் தேய்ந்தது. வாசலைத் தாண்டியதும் அவன் வாய் மூடிக்கொண்டது. கண்கள் சுவருக்குத் திரும்பின.

காலையில் வார்டிலிருந்து பின்பக்கம் போகிற கதவைப் பூட்டியிருந்தார்கள். ரபியா பங்களாவைச் சுற்றி ஓடினாள். ஈரப் புல்லில் விழுந்தாள். எழுந்தாள். கொட்டகைக் கதவு உள்ளே தாழிட்டிருந்தது. தட்டினாள். கத்தினாள். உள்ளே இரும்புத் தட்டில் எதையோ வைக்கிற சத்தம்.

சின்னதாய் இரண்டு.

நீளமாய் ஒன்று.

விசில் வரவில்லை.

அவள் கதவில் காதை வைத்துக் காத்திருந்தாள். வரும். மூச்சை உள்ளே இழுத்துத்தானே ஆகவேண்டும்.

வரவில்லை.

வராந்தாவுக்கு அவள் திரும்பி வந்தபோது நோயாளிகளை வெயில் காய நாற்காலிகளில் உட்காரவைத்திருந்தார்கள். வெயில் இன்னும் வரவில்லை. புல்லெல்லாம் உறைபனி வெளுத்துக்கிடந்தது. டாக்டர் கை கழுவிவிட்டு வந்து ஜலீலின் சட்டையைத் திறந்து ஸ்டெதாஸ்கோப்பை வைத்தார். முன்னால் வைத்தார், முதுகில் வைத்தார். வெகுநேரம் கேட்டார். அவர் முகம் மலர்ந்தது.

"ஒரு சத்தமும் இல்லை" என்றார் சிஸ்டரிடம். "சுத்தமா ஒண்ணுமே இல்லை." அடுத்த நாற்காலிக்குப் போனார்.

"ரபியா" என்றான் ஜலீல்.

அவள் அவன் முன்னால் மண்டியிட்டாள். அவன் சிரித்தான்.

"நல்லா இருக்கேன் புள்ள ஊருக்குப் போயிரலாம் கடையத் தொறக்கணும் தைப்பூசக் கூட்டம் வந்துரும் கண்ணாடி வளையல் தீர்ந்திருக்கும் பச்சையும் செவப்பும் நெறைய வாங்கிப் போடணும் உனக்கும் ஒரு சோடி எடுத்து வைக்கணும்..."

குரல் அவனுடையதுதான். அது நிற்கவில்லை. அவன் ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் நடுவே நிறுத்துவதற்காக ரபியா காத்திருந்தாள். நிறுத்தவில்லை. மார்பு ஏறவில்லை. இறங்கவில்லை.

வராந்தாவில் டாக்டர் பேசினார், அவர் வாயிலிருந்து வெண்புகையாக ஆவி வந்தது. சிஸ்டர் வாயிலிருந்து வந்தது. மூலைக் கட்டில் வாத்தியார் வாயிலிருந்துகூட மெல்லிசாக வந்தது. ஜலீலின் வாய் திறந்து மூடித் திறந்து பேசிக்கொண்டே இருந்தது. அதிலிருந்து ஒன்றும் வரவில்லை.

"மச்சான், மூச்ச விடுங்க. மூச்ச விடுங்க மச்சான்."

அவளுடைய மூச்சு வெள்ளையாகப் போய் அவன் முகத்தில் பட்டு, அசைகிற அந்த உதடுகளை ஈரமாக்கிக்கொண்டிருந்தது.