வராதவர்களின் கொடி

சீன யுத்தம் முடிந்த மறு வருஷம். ஆஸ்டின் டவுனிலிருந்து மழையில் நனைந்து வந்த பிரிஜெட், ஓய்வுபெற்ற இன்ஸ்பெக்டர் வைத்தீஸ்வரனின் வாசலில் நின்று அழுதாள்.

"எங்க வூட்டுக்காரரைப் புடிச்சிட்டுப் போயிட்டாங்க சார். நாட்டையே காட்டிக் குடுத்துட்டாராம்!"

அவள் கணவன் ரெமிஜியஸ் அரசு விருந்தினர் மாளிகையில் பட்லர். எந்த அணியிலும் சேராத நம் நாடு, ராணுவக் கூட்டணி ஒன்றைச் சேர்ந்த அயல்நாட்டாரிடம் ஆயுதம் கேட்டு அங்கே ரகசியமாகப் பேசியது. பாதி விருந்தில் கறுப்புக்கொடிக் கூட்டம் ஒன்று வாசலில் திரண்டு, இரண்டு நாடுகளின் பெயரைச் சொல்லி ஒழிக என்று கத்தியது. வந்தவர்கள் கோபித்துக்கொண்டு விமானம் ஏறிவிட்டார்கள். பழி பரிமாறியவன் தலையில் விழுந்தது.

"அத்திம்பேர், உள்ளே இருந்தவன் இவன் ஒருத்தன்தானே?" என்று மைத்துனன் நாணு கிசுகிசுத்தான்.

வைத்தீஸ்வரன் காதில் வாங்கவில்லை. "வீட்டுக்கு வந்து அவர் என்னம்மா சொன்னார்?"

"'வந்ததே ஒரு நாட்டுக்காரங்கதான். இன்னொருத்தங்க கடைசி நேரத்துல வரல. வராதவங்களை எதுக்கு ஒழிகன்னாங்க?'ன்னு சிரிச்சார் சார். விடிஞ்சா போலீஸ்."

மாளிகையில் விருந்து மரபுகளைக் கவனிக்கும் அதிகாரி ராஜேந்திரன், தூங்காத கண்களோடும் சட்டைப் பையில் மனைவி பெயரிட்ட ஆஸ்பத்திரிச் சீட்டோடும் வரவேற்றார். விருந்து மேஜையில் நம் கொடியும் ஓர் அயல்நாட்டுக் கொடியும் மட்டும் நின்றன. அலமாரி இழுப்பறையில் இன்னொரு குட்டிக் கொடி, மடிப்புக் கலையாமல், புதிதாக இருந்தது.

"பரிமாறினவருக்கு ஒரு நாடு வரலைன்னு தெரியும்," என்றார் வைத்தீஸ்வரன். "கத்தினவாளுக்குத் தெரியலை. அப்போ சேதி இந்த மேஜையிலேர்ந்து போகலை, அதுக்கு முன்னாடியே போயிருக்கு. ரெண்டு நாடும் வரும்னு தயாரானது இந்தக் கொடிகள்தான். யார் தைச்சது சார்?"

ரெமிஜியஸைச் சந்தேகப்பட்ட வெட்கத்தில் நாணுவின் முகம் சிவந்தது. ராஜேந்திரன் இழுப்பறையை மூடினார்.

"விருந்துன்னா மேஜையில கொடி வெக்கணும், அது மரபு. ஸ்டோர்ல கேட்டா நாலு பேருக்குத் தெரிஞ்சிடும்னு ஆஸ்டின் டவுன் டெய்லர்கிட்ட குடுத்தேன். அவன் மாளிகை ஆர்டர்னு பெருமையா கடை வாசல்லயே தொங்கவிட்டுட்டான். எதிர்லயே அந்தக் கறுப்புக்கொடிக் கட்சி ஆபீஸ். கொடியை வாங்கிட்டு வந்த ரெமிஜியஸே இதை எங்கிட்ட சொன்னான். ஸ்டேஷன்ல மட்டும் ஏன் சார் வாயே திறக்கலை?"

"உங்க சம்சாரம் ஆஸ்பத்திரியில இருக்கறது அவருக்குத் தெரியுமோ?"

"தெரியும். தினம் கஞ்சி கொண்டுபோய்க் குடுக்கறதே அவன்தான்."

"அதான் வாயைத் திறக்கலை," என்றார் வைத்தீஸ்வரன். ராஜேந்திரன் குடைகூட எடுக்காமல் மழையில் இறங்கி ஸ்டேஷனுக்கு நடந்தார்.

விமானம் ஏறிப் போன அயல்நாட்டார் திரும்பி வரவில்லை. கேட்ட ஆயுதமும் வரவில்லை. பனிமலை எல்லையில் காவல் நிற்கும் பையன்களை நினைத்து நாணு அன்று ஸ்டேஷன் வராந்தாவில் உட்கார்ந்திருந்தான்.

மாலையில் ரெமிஜியஸை விட்டார்கள். வெளியே வந்தவன், பெஞ்சில் தலைகுனிந்திருந்த ராஜேந்திரனைக் கண்டு நின்றான்.

"சார், காலையிலேர்ந்து ஏதாச்சும் சாப்பிட்டீங்களா?"

ரெமிஜியஸ், பிரிஜெட்டின் கையிலிருந்த டிபன் காரியரை வாங்கி, அவர் பக்கத்தில் உட்கார்ந்து திறந்தான்.