சிவப்பு இல்லை

ஆஸ்பத்திரிக் கதவு மதினியின் சுண்டுவிரலைப் பார்த்ததும் திறந்துகொண்டது. மற்ற ஒன்பது விரல்களிலும் நகக்கண் இல்லாததால் கொஞ்சம் யோசித்துத்தான் திறந்தது. கொப்புளம் வந்து ஒவ்வொன்றாகக் கழற்றியாகிவிட்டது. சட்டப்படி ஒன்றாவது இருக்க வேண்டும். ஒன்றுகூட இல்லாதவருக்கு பஸ் நிற்காது, ரேஷன் கடைத் தராசு அசையாது, சொந்த வீட்டுப் பூட்டே "யாரு நீ" என்று கேட்கும்.

முன்பெல்லாம் நகக்கண் என்றால் நகத்துக்கும் சதைக்கும் நடுவிலுள்ள இடுக்கு. அதில் ஊசி குத்தினால் உயிர் போய் உயிர் வரும். கம்பெனி அந்தச் சொல்லை எடுத்து, நகத்தின்மேல் ஒட்டும் சின்ன வில்லைக்குப் பெயராக வைத்தது. வில்லையின் அடியில் நிஜமாகவே ஒரு கண். அது சதையின் நிறத்தைப் பார்க்கும், நாடியைப் பார்க்கும், சர்க்கரையைப் பார்க்கும், இன்னார் இன்னார்தான் என்று ஊருக்குச் சாட்சி சொல்லும். 'நகமும் சதையும்போல' என்று விளம்பரம் செய்தார்கள். சொன்னதை அப்படியே நிறைவேற்றியும் காட்டினார்கள் என்பதை மறுக்க முடியாது.

மதினியின் கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே வந்த பூரணி, தூத்துக்குடியில் அதே கம்பெனியின் தோல்சோதனைப் பிரிவில் அலுவலர். நகக்கண்ணை ஒட்டுகிற பற்றுப்பசை மனிதத் தோலுக்கு ஆகுமா ஆகாதா என்று பார்ப்பது அவள் வேலை. மதினி தமயந்தி, பூரணியின் அண்ணன் மனைவி. அண்ணன் போய்ச் சேர்ந்து நாலு வருஷமாகிறது. அதன்பிறகு இருவருக்கும் ஒருவரை விட்டால் ஒருவர் இல்லை.

டாக்டர் கபிலன் சின்ன வயசுக்காரர். படத்தைத் திரையில் போட்டுவிட்டு, மதினியை வெளியே உட்காரச் சொன்னார்.

"நெஞ்சுல இருந்து கீழ இறங்குற பெரிய ரத்தக்குழாய் வீங்கியிருக்கு. சுவர் ரொம்ப மெலிஞ்சிருச்சு. பத்து நாள் தாங்கும். அதுக்குள்ள ஒரு உறை போட்டு ஒட்டணும்."

"ஒட்டுங்க டாக்டர்."

"ஒட்ட முடியாதே. விரலைப் பாத்தீங்கல்ல? நகத்துல ஒட்டுற பசையும் குழாய்ல ஒட்டுற பசையும் ஒரே குடும்பம். விரல்ல கொப்புளம் போட்ட உடம்பு, உள்ள ஒட்டினா சும்மா இருக்குமா? ரெண்டே நாள்ல குழாய் பிஞ்சிரும்."

பூரணிக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை. பற்றுப்பசை வெளிச்சம் பட்டால் கல்லாக இறுகிவிடும். இறுகியது யாருக்கும் கெடுதல் செய்யாது. ஓரத்தில் இறுகாமல் தங்கும் துளிதான் வில்லங்கம். அது தோலுக்குள் ஊறிப் போகும். முதல் தடவை உடம்பு பேசாமல் இருக்கும். பத்தாவது தடவையோ நூறாவது தடவையோ, இவன் நமக்கு ஆகாதவன் என்று முடிவு கட்டிவிடும். கட்டினால் கட்டியதுதான், சாகிறவரை மாற்றிக்கொள்ளாது. அதன்பிறகு பல்லை அடைக்கிற பசை, எலும்பை ஒட்டுகிற பசை, குழாயை ஒட்டுகிற பசை எல்லாமே அதற்குப் பகையாளிதான்.

"தைக்கலாமே" என்றாள் பூரணி.

டாக்டர் அவளைப் பாவமாகப் பார்த்தார். "ஊசி நூல் வச்சா? எங்க வாத்தியாரோட வாத்தியாருக்குத் தெரியும். இப்ப சட்டை தைக்கிறவங்களே ஒட்டத்தானே செய்யறாங்க."

"ஒவ்வாதவங்களுக்குன்னு சிப்பிப்பசை இருக்கு டாக்டர். எங்க கம்பெனி குளிர் அறையிலயே இருக்கு. கடல்சிப்பி பாறையில ஒட்டிக்கிற சத்தை வச்சுச் செஞ்சது. நானே பாத்திருக்கேன்."

"ஒவ்வாமைன்னு நான் எழுதினாத்தானே அதைத் தருவாங்க? எழுத முடியாதும்மா. பற்றுப்பசை யாருக்கும் ஒவ்வாமை தராதுன்னு பதிவு இருக்கு. அதனால உங்க மதினிக்கு வந்திருக்கறது ஒவ்வாமை இல்ல."

"அப்ப ஒட்டலாமா?"

"ஒட்டினா செத்துருவாங்க."

அவர் கிண்டல் செய்யவில்லை. திரையை அவள் பக்கம் திருப்பி, அந்தப் பதிவையே காட்டினார். ஒன்பது வருஷத்துக்கு முந்தைய ஒட்டுச்சோதனை. சிவப்பு உண்டா என்ற கேள்விக்கு எதிரே, இருபது பேருக்கும் 'இல்லை' என்று போட்டிருந்தது. கீழே கையொப்பம்: பூரணி.

பாளையங்கோட்டையில் தைக்கத் தெரிந்த டாக்டர் ஒருவர் உயிரோடு இருக்கிறார் என்று கேள்விப்பட்டு மறுநாளே ஓடினாள். எண்பது வயதுக்காரர், நல்ல திடமாகத்தான் இருந்தார். விஷயத்தைக் கேட்டுவிட்டு உள்ளேபோய் ஊசியும் நூலும் கொண்டுவந்து மேஜைமேல் வைத்தார். கண்ணை மூடிக்கொண்டு ஊசியைத் தேடினார். விரல் ஊசியின் மேலேயே தடவிப் போயிற்று, அவருக்குத் தெரியவில்லை.

"நகக்கண் போட்ட ரெண்டாம் வருஷமே விரல்நுனி மரத்துப்போச்சு. கத்தியாவது பிடிச்சிருவேன். நூல் இழுபடுதா அறுபடுதான்னு விரல்தான் சொல்லணும். அது பேச்சை நிறுத்திருச்சும்மா. உங்க ஆளைக் கொல்றதுக்கு என்னைக் கூப்பிடாதீங்க."

பஸ்ஸில் திரும்பும்போது பூரணி அந்தச் சோதனையை ஒவ்வொரு நாளாக நினைத்துப் பார்த்தாள். இருபது பெண்கள். முதுகில் பசைவில்லைகளை ஒட்டி இரண்டாம் நாள் எடுத்தாயிற்று. இரண்டாம் நாள் சிவப்பு இல்லை. நாலாம் நாள் போகி, அன்றும் இல்லை. இந்தப் பசைக்கு ஏழாம் நாள்தான் முக்கியம், மெதுவாகக் கிளம்புகிற சங்கதி இது. ஏழாம் நாள் பொங்கல் லீவில் விழுந்தது. எல்லோரும் ஊருக்குப் போய்விட்டார்கள். லீவு முடிந்து பத்தாம் நாள் வந்தார்கள். பொங்கப்பானையில் கட்டின மஞ்சக்குலையை அரைத்துக் குளித்து, ஆறு பேருக்கு முதுகெல்லாம் மஞ்சள் ஏறியிருந்தது. பொங்கல் முடிந்து வருகிற பெண்ணின் உடம்பில் மஞ்சள் இருப்பதை யார்தான் சந்தேகப்படுவார்கள்? படிவம் சிவப்பு உண்டா என்று மட்டும்தான் கேட்டது. பார்த்தாள். மஞ்சள்தான் இருந்தது. 'இல்லை' என்று போட்டாள்.

அந்த ஆறு பேரில் பதினாலாம் எண் தமயந்தி. ஆள் குறைகிறது என்று பூரணியே கெஞ்சிக் கூட்டிப்போனவள்.

வீட்டுக்கு வந்ததும், காபி குடிக்கக்கூட உட்காராமல் கேட்டாள். "மதினி, அந்தப் பொங்கலுக்கு உங்க முதுகு செவந்துச்சா?"

மதினி முறத்திலிருந்த உளுந்தில் கல் பார்த்துக்கொண்டிருந்தாள். தலையை நிமிர்த்தவில்லை.

"செவந்துச்சு. மாட்டுப்பொங்கல் அன்னைக்கு ஒரே அரிப்பு. சின்னச் சின்னக் கொப்புளம். மஞ்சளை அரைச்சு அப்பினேன், அமுங்கிருச்சு."

"ஏன் மதினி எங்கிட்டச் சொல்லல?"

"என்னத்தச் சொல்ல? நீ அப்பத்தான் வேலைக்குச் சேந்திருந்த. பசை நல்லாயில்லன்னு ஆனா உன்னையத்தான் வஞ்சிருப்பாங்க. லேசா அரிச்சதுக்காக உன் வேலைய நான் கெடுக்கவா? மத்தவளுவளும் அப்படித்தான் சொன்னாளுவ. பூரணி நல்ல பிள்ள, அவளுக்குக் கெட்ட பேரு வேண்டாம்னாளுவ."

பூரணிக்கு அழுகை வந்தது. யாராவது ஏமாற்றியிருந்தால்கூட இவ்வளவு வலித்திருக்காது. ஆறு பேரும் அவள்மேல் வைத்த பாசத்தில் சேர்ந்து ஒரு பொய்யைப் பூசிக்கொண்டு வந்திருக்கிறார்கள். அது நாடு முழுக்க நகத்தில் ஒட்டிக்கொண்டது.

"ஏட்டி, எதுக்கு அழுத? இப்ப என்ன ஆயிப்போச்சு?" என்றாள் மதினி. பத்து நாள் கணக்கை அவளிடம் இன்னும் யாரும் சொல்லியிருக்கவில்லை.

வழி ஒன்று இருந்தது. பழைய சோதனைப் பதிவை, அதைப் பார்த்து எழுதியவரே திருத்தலாம். திருத்தம் ஏறிய நிமிஷமே, பாதிக்கப்பட்டவர்களுக்குச் சிப்பிப்பசையைக் கம்பெனி கொடுத்தாக வேண்டும். மறுநாள் காலை பூரணி முதல் ஆளாக அலுவலகம் போனாள். மேலாளர் சிரித்த முகமாகவே கேட்டுக்கொண்டார். "பதிவேடு ஏத்துக்கிச்சுன்னா எனக்கு ஒரு ஆட்சேபணையும் இல்லம்மா" என்றார்.

மஞ்சள் பூசிய தோலில் எடுத்த முடிவு செல்லாது, அடியில் சிவப்பு இருந்தது என்று நாலே வரி எழுதினாள். ஆள்காட்டி விரலைப் பதிவேட்டு இயந்திரத்தின் கண்ணாடியில் வைத்தாள். நகக்கண் அவள் சதையை ஒருமுறை பார்த்தது.

'நகவிளிம்பில் சிவப்பு உண்டு. கையொப்பமிடுபவர் பசைக்கு ஒவ்வாதவர். விதி பதினொன்றின்படி தகுதி இல்லை.'

யாருக்கும் ஒவ்வாமை தராது என்ற அதே பதிவேடுதான் இப்படிச் சொன்னது. பூரணி தன் விரல்களைப் பார்த்தாள். ஆறு மாதமாக அரித்துக்கொண்டுதான் இருந்தது. ஊரில் யாருக்குத்தான் அரிக்கவில்லை என்று சொறிந்துவிட்டுப் போய்க்கொண்டிருந்தாள். விதி பதினொன்றும் அவளுக்குத் தெரியாததல்ல. பசையால் பாதிக்கப்பட்டவர் பசையைப் பற்றி நடுநிலையாகப் பேசமாட்டார், அவர் கையொப்பம் வேண்டாம் என்று எழுதிக்கொடுத்தவளே அவள்தான். அப்போது எல்லோரும் பாராட்டினார்கள். அவளுக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

ஒவ்வொரு நாளாகப் போயிற்று. யார் யாரையோ பார்த்தாள். எல்லோரும் உட்காரச் சொன்னார்கள், தண்ணீர் கொடுத்தார்கள், பதிவேட்டைக் கைகாட்டினார்கள். ஏழாம் நாள் மதினிக்கு மூச்சு வாங்க ஆரம்பித்தது. அந்த நிலையிலும் பூரணி விரலைச் சொறிவதைப் பார்த்துவிட்டாள்.

"கையக் குடு" என்று இழுத்துவைத்து, அரைத்த மஞ்சளைப் பத்து விரலிலும் நகத்தைச் சுற்றி அப்பினாள். "ஒருநாள் அப்படியே வச்சிரு. கழுவாத. செவப்பு இருக்காது."

மறுநாள் காலை அலுவலக வாசல் அவளுக்குப் பட்டென்று திறந்தது. பதிவேடு அவளைத் தள்ளிய நாளிலிருந்து 'ஒவ்வாதவர்' என்றே எழுதிக்காட்டிவந்த கதவில், 'சிவப்பு இல்லை. தகுதி உண்டு' என்று பச்சை எழுத்து ஓடியது. பூரணிக்குப் புரிந்துவிட்டது. படியில் ஓடினாள். நாலு வரியையும் மறுபடி எழுதி, மஞ்சள் விரலைக் கண்ணாடியில் வைத்தாள்.

'திருத்தம் ஏற்கப்பட்டது. மஞ்சள் பூசிய தோலில் எடுத்த முடிவுகள் இனிச் செல்லாது.'

டாக்டருக்குச் சொல்லவேண்டும் என்று எழுந்தேவிட்டாள். அதற்குள் அடுத்த வரி வந்தது.

'புதிய விதியின்படி எல்லாக் கையொப்பங்களும் மறுபடி சரிபார்க்கப்படுகின்றன. இந்தத் திருத்தத்தில் கையொப்பமிட்டவரின் தகுதி, மஞ்சள் பூசிய தோலில் எடுத்த முடிவு. ஆகவே செல்லாது. கையொப்பம் செல்லாது. திருத்தம் ரத்து. மஞ்சள் பூசிய தோலில் எடுத்த முடிவுகள் செல்லும்.'

மறுபடி வைத்தாள். ஏற்றது, சரிபார்த்தது, ரத்து செய்தது. இன்னொரு தடவையும் வைத்தாள். பதிவேட்டுக்குக் கோபம் வரவில்லை, அலுப்பும் இல்லை. மூன்றாம் தடவைக்குப் பிறகு, 'ஒரே திருத்தம் மூன்று முறை ரத்தானதால் இந்தப் பதிவு நிரந்தரமாக மூடப்படுகிறது' என்று சொல்லி மூடிக்கொண்டது. அதன் பக்கம் ஒரு தப்பும் இல்லை. அவள் எழுதியதை அவளைவிட ஒழுங்காகக் கடைப்பிடித்தது, அவ்வளவுதான்.

வீட்டுக்கு வந்தபோது மதினி தலையணைகளை முதுகுக்கு அடுக்கிச் சாய்ந்திருந்தாள். பேச்சு துண்டு துண்டாக வந்தது.

"எடுத்துக்கலன்னியே... இன்னைக்குக் கையெழுத்துப் போட்டியா?"

"போட்டேன் மதினி."

"எடுத்துக்கிச்சா?"

பூரணி அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். மதினி பதிலுக்குக் காத்திருக்கவில்லை. பூரணியின் கையை எடுத்துத் தன் மடியில் வைத்து, ஈரத் துணியால் காய்ந்த மஞ்சளை மெல்லத் துடைத்தாள். துடைத்தும் கறை போகவில்லை. விரலை வெளிச்சத்துக்குத் திருப்பிப் பார்த்தாள். அவளுக்கு முகம் மலர்ந்தது.

"பாத்தியா, நான் சொன்னேம்லா. செவப்பே இல்ல."

மஞ்சளுக்கு அடியில் விரல் தீயாக எரிந்துகொண்டிருந்தது. மதினி ஆசையோடு அவள் முகத்தையே பார்த்தாள். எத்தனையோ நாளைக்குப் பிறகு தன்னால் ஒரு நல்லது நடந்திருக்கிறது என்று அவளுக்குச் சந்தோஷம். அதைக் கெடுக்கப் பூரணிக்கு மனசு வரவில்லை.

"ஆமா மதினி" என்றாள். "செவப்பு இல்ல."