கால்களை இங்கே விடவும்

காலையில் கண் விழித்ததும் ஆவுடையப்பன் தம் கால்களைத் தேடினார். இடது கால் கட்டிலுக்கடியில் சமர்த்தாகப் படுத்திருந்தது. வலது காலைக் காணோம். வெயில் குடிக்க மொட்டைமாடிக்குப் போயிருக்கும். போனால் அக்கம்பக்கத்துக் கால்களோடு சேர்ந்துகொண்டு இறங்கி வர மறந்துவிடும். பழைய கால், சொல்பேச்சுக் கேட்கிற வயதைத் தாண்டிவிட்டது.

"ஏட்டி உலகு, என் வலது காலப் பாத்தியா?"

"தண்ணித் தொட்டி நிழல்ல நிக்கி. வெயில்ல நில்லுன்னா கேக்க மாட்டேங்கு. உங்க கால் உங்கள மாதிரிதான இருக்கும்," என்றாள் அவர் மனைவி உலகம்மாள், அடுப்படியிலிருந்து.

அந்த நூற்றாண்டில் திருநெல்வேலியில் தானாக நடக்கிற மனிதர் எவரும் இல்லை. எல்லாரையும் நடையுறைதான் நடத்திக்கொண்டு போயிற்று. வெங்காயச் சருகு மாதிரி மெல்லிய இயந்திரத் தோல் அது. காலுக்கு ஒன்றாக இடுப்பு வரை ஏற்றி மாட்டிக்கொண்டு, "சந்தை" என்று மனதில் நினைத்தால் போதும், சந்தையில் கொண்டுபோய் நிறுத்தும். நடுவழியில் ஆள் தூங்கலாம், பலர் குறட்டையே விட்டார்கள். மேலே வேட்டியோ சேலையோ கட்டிவிட்டால் பிரம்மாவுக்கும் அடையாளம் தெரியாது. உள்ளே இருந்த சொந்தக் கால்கள்தாம் பாவம். தலைமுறைக் கணக்கில் வேலையில்லாமல், சாம்பாரில் வெந்த முருங்கைக்காயாகத் துவண்டு கிடந்தன.

ஊரே ஒன்றைப் போட்டுக்கொண்டு திரிந்தால், போடாதவனுக்கு மவுசு கூடிவிடும் அல்லவா? அப்படித்தான் வெறுங்காலர் என்று ஒரு புது உயர்குலம் முளைத்தது. பரம்பரையில் உறையே ஏற்றாதவர்களாம். உண்மையான வெறுங்காலர்களை மொத்தமாகத் திரட்டினால் ஓர் ஆட்டோவில் அடக்கிவிடலாம், ஓட்டுநர் இருக்கைக்கும் ஆள் போதாது. ஆனால் கல்யாண விளம்பரங்களைப் பார்த்தால் பாதி ஜில்லா வெறுங்காலர்தான்.

தென்காசியிலிருந்து திரவியம் தம் மகனுக்குப் பெண் பார்க்க வந்தவர், காப்பியை வாங்கிக்கொண்டே, "நாங்க வெறுங்காலருங்க. அதுல மட்டும் விட்டுக்குடுக்க மாட்டோம்," என்றார். ஆவுடையப்பன் ஒரு நொடி யோசித்திருக்கலாம். அவர் வாய் யோசிக்கவில்லை.

"அட, நாங்களுந்தான்! எங்க பாட்டன் குத்தாலத்துக்கு நடந்தே போயி, ஒரு முங்கு போட்டுட்டு, மத்தியானச் சாப்பாட்டுக்கு வீடு திரும்பிருவாராக்கும்."

பக்கத்தில் நின்ற மகள் மீனலோசனி அப்பாவை ஒரு பார்வை பார்த்தாள். அந்தப் பையனை அவளுக்குப் பிடித்துப்போய் வெகுநாளாயிற்று. அப்பாவின் பாட்டன் குற்றாலத்தைப் படத்தில்கூடப் பார்த்ததில்லை என்பதும் அவளுக்குத் தெரியும். தலையைக் குனிந்துகொண்டாள். அன்றிலிருந்து ஆவுடையப்பனுக்குச் சோற்றில் உப்பு தெரியவில்லை.

அதோடு விட்டாரா திரவியம்? "எங்க வீட்டுப் பழக்கம் ஒண்ணு இருக்கு சம்பந்தி. நிச்சயத்துக்கு முன்னால ரெண்டு அப்பனும் சேந்து ஒரு மலை ஏறிச் சாமி கும்பிட்டாத்தான் தாம்பூலம்."

நம் மலைகளிலெல்லாம் அப்போது நகரும் படி, பறக்கும் பல்லக்கு, படுத்தபடி தரிசனம் என்று வந்துவிட்டன. கால் வைத்து ஏறவேண்டிய புனித மலை உலகத்தில் ஒன்றே ஒன்றுதான் மிச்சம், ஜப்பானில் ஷிசுகா மலை. வழிகாட்டி இல்லாமல் அங்கே விடமாட்டார்கள். பாளையங்கோட்டையில் நிலத்தடிக் குழாய்வண்டியில் ஏறினால் கையிலுள்ள காப்பி ஆறுவதற்குள் மலையடிவாரம். உலகம்மாளோடு வண்டி ஏறியபோது ஆவுடையப்பன் வேட்டியை வழக்கத்தைவிட இறக்கிக் கட்டியிருந்தார்.

"மாட்டிக்கிட்டா நம்ம மக கல்யாணம் போச்சு. தெரியுதா?" என்று உலகம்மாள் காதைக் கடித்தாள்.

"தெரியும் தெரியும். நீ சும்ம வா."

அடிவாரத்தில் வழிகாட்டி காத்திருந்தது. ஹயாதே என்று பெயர். மலைத்துறவி வேடத்தில், இடுப்பில் சங்கு கட்டிய இயந்திரன். தமிழ் பேசியது. எந்தப் பள்ளிக்கூடத்தில் கற்றதோ, ஒரு சந்திப்பிழை கிடையாது.

"அன்பர்களே, இவ்வெண்ணிற மேலங்கியை அணியுங்கள். இது இறந்தோர் உடை. இன்று நீங்கள் இறந்து, மாலையில் புதிதாய்ப் பிறப்பீர்கள்."

"காலங்காத்தால நல்ல வார்த்தையே வராதா இதுக்கு," என்றாள் உலகம்மாள்.

"இம்மலையில் பேச்சு கிடையாது. நான் எதைச் சொன்னாலும் 'ஏற்றேன்' என்ற ஒரு சொல்லே மறுமொழி. கேள்வி இல்லை, காரணம் இல்லை. ஏற்றீர்களா?"

"ஏற்றேன்," என்றார்கள் மூவரும். ஹயாதே சங்கை ஊதிக்கொண்டு முன்னால் நடந்தது.

வானத்தைத் தாங்கிப் பிடித்திருந்த தேவதாரு மரங்களுக்கிடையே பாசி படிந்த கற்படிகள். அவ்வளவு நிசப்தம். எறும்பு தும்மினால் எதிரொலித்திருக்கும். அந்த நிசப்தத்தில்தான் ஆவுடையப்பனின் வலது முழங்கால் 'கிறீச்' என்றது. ஊரில் என்றால் ஒரு இருமல் இருமி மறைத்துவிடுவார். இங்கே இருமலுக்கும் அனுமதி இல்லை. அடுத்த படியில் மறுபடி 'கிறீச்'.

"ஏற்றேன்!" என்றார் உரக்க.

ஹயாதே திரும்பிப் பார்த்தது. "நான் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை."

"ஏற்றேன்."

படிக்கொரு கிறீச்சும் அதை மூட ஒரு ஏற்றேனுமாக மலை ஏறினார். அவருக்கு முகம் சுட்டது. வலி பொறுத்து ஏறவேண்டிய மலையில், வியர்வைகூட வராமல், ஒரு மூட்டையாகத் தூக்கிச் செல்லப்படுகிறோம் என்று பட்டது. மகளின் குனிந்த தலை நினைவுக்கு வந்தது. பக்கத்தில் திரவியமோ அன்னப்பறவைபோல ஓசையில்லாமல் மிதந்துகொண்டிருந்தார். இவரல்லவா வெறுங்காலர் என்று ஆவுடையப்பன் மனதுக்குள் கும்பிட்டார்.

உச்சியில் ஒரு குகை வாசல். வாசலுக்கு இந்தப் பக்கம் மரத்தட்டு ஒன்றும், அதன் பின்னால் சுவரில் ஆளுயரக் கண்ணாடி ஒன்றும் இருந்தன. தட்டின்மேல் பல மொழிகளில் எழுதியிருந்த பலகையில் தமிழும் இருந்தது: 'கால்களை இங்கே விடவும்.'

"எது உங்களை இதுவரை நடத்தி வந்ததோ, அதைக் கழற்றி வைத்துவிட்டு உள்ளே வாருங்கள்," என்றது ஹயாதே. சொன்னதோடு நிற்கவில்லை. உட்கார்ந்து, தன் இரண்டு கால்களையும் திருகிக் கழற்றித் தட்டில் வைத்தது. கைகளை ஊன்றி நகர்ந்து வாசலில் போய்க் காத்திருந்தது.

ஆவுடையப்பன் தம் செருப்பை மட்டும் கழற்றினார். திரவியமும் செருப்பை மட்டும் கழற்றினார். ஹயாதே பார்த்துக்கொண்டே இருந்தது. அதன் கண்ணில் கோபம் இருந்திருந்தால்கூடச் சமாளித்திருக்கலாம், இருந்ததோ பொறுமை.

"ஏற்றேன்," என்றார் ஆவுடையப்பன். வேட்டியைத் தூக்கி உறையைத் தளர்த்தினார். மறுகணம் நனைந்த துணியாக மடிந்து தரையில் விழுந்தார். கல்யாணம் போயிற்று என்று கண்ணை மூடிக்கொண்டவருக்குப் பக்கத்திலேயே தொப்பென்று இன்னொரு சத்தம் கேட்டது. கண்ணைத் திறந்தார். திரவியம் கிடந்தார், அவர் கால்களும் அதே முருங்கைக்காய்.

"என்ன ஓய், பரம்பரை வெறுங்காலரு?"

"உங்க பாட்டன் குத்தாலத்துலேருந்து வந்துட்டாரா வே?" என்றார் திரவியம். இருவரும் உறைகளை உருவித் தட்டில் வைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

உலகம்மாள் மட்டும் நின்றபடியே நின்றாள். "நீங்க ரெண்டு பேரும் போய்க் கும்பிட்டுட்டு வாங்க. யாராவது தூக்கிட்டுப் போயிட்டா? நான் காலப் பாத்துக்கிடுதேன்," என்று கண்ணாடியில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்துகொண்டாள். கழற்றவும் வேண்டாம், மானம் போகவும் வேண்டாம்.

குகைக்குள் பார்த்ததை வெளியே சொல்லக்கூடாது என்பது அந்த மலையின் விதி. அதை மீறும் ஆபத்தே எழவில்லை, இருவரும் எதையும் பார்க்கவில்லை. கைகளை ஊன்றித் தவழ்ந்து போனார்கள், ஒரு பாறையின் முன்னால் கும்பிட்டார்கள். கும்பிட்ட கை முன்னால் இருந்தது, கழுத்து பின்னால் இருந்தது.

"சம்பந்தியம்மா தூங்கிருவாகளோ?" என்று கிசுகிசுத்தார் திரவியம்.

"மத்தியான நேரம். தூங்கத்தான் செய்வா."

"எதுக்கும் நீங்க முன்னால போங்க. இப்ப வந்திருதேன்."

ஆவுடையப்பன் முதலில் தவழ்ந்து வெளியே வந்தார். தட்டில் அவருடைய கால்கள் சாயம் போய், முழங்காலில் ஒட்டுப் போட்டுக் கிடந்தன. பக்கத்தில் திரவியத்தின் கால்கள், புதுசு, பாம்புச் சட்டையின் மினுமினுப்பு. அவர் இரண்டையும் பார்த்தார். மலையை நிரப்பிய அந்தக் கிறீச்சை நினைத்தார். இறங்கும்போதும் அதே படிகள். கை தானாக அந்தப் பக்கம் போயிற்று என்று பிற்பாடு தமக்குத் தாமே சொல்லிக்கொண்டார்.

"ஏங்க, நம்ம கால் இந்தப் பக்கம்லா இருக்கு?"

"சத்தம் போடாதட்டி. மாறிப் போச்சுன்னு சொல்லிக்கிடலாம்."

உலகம்மாள் மகளைப் போலவே தலையைக் குனிந்துகொண்டாள். அவர் மாட்டிக்கொண்டு எழுந்தார். பனையேறியின் கால்கள்போல என்ன உறுதி! அப்போது கால்களுக்குள்ளிருந்து தேன் குரல் ஒன்று கேட்டது: "வருக, தாணுமூர்த்தி ஐயா! எங்கே போகலாம்?"

ஆவுடையப்பன் திடுக்கிட்டார். தாணுமூர்த்தி யார்? யாராயிருந்தால் என்ன என்று மனைவியைச் சற்றே நகரச் சொல்லி, கண்ணாடி முன் நின்று, வேட்டியைத் தூக்கிப் புதுக்கால்களின் அழகை முன்னும் பின்னும் பார்த்தார். சீப்பெடுத்துத் தலையையும் வாரிக்கொண்டார்.

திரவியம் தவழ்ந்து வந்தார். தட்டைப் பார்த்தார், ஆவுடையப்பனைப் பார்த்தார். வாயைத் திறந்து, மூடிக்கொண்டு, ஒட்டுப்போட்ட கால்களைப் பேசாமல் மாட்டினார். 'கிறீச்' என்றது.

அந்தப் பேசாமைதான் ஆவுடையப்பனைத் தைத்தது. "சம்பந்தி, தாணுமூர்த்தின்னு உங்க சொந்தத்துல யாரும்…"

திரவியத்தின் காது வரை சிவந்தது. "போன ஆவணியில ஒரு கல்யாண மண்டபம். சாப்பிட்டுட்டு வெளிய வந்தா என் கால எவனோ மாட்டிட்டுப் போயிட்டான். எவ்வளவு நேரந்தான் தரையில கெடக்க? பக்கத்துல இது கெடந்துச்சு…"

"அவன் தன் பழச விட்டுட்டுப் போயிட்டான், நீரு அடுத்தவன் புதுசா எடுத்துக்கிட்டீரு."

"நீரு மட்டும்?"

உலகம்மாள் இருவரையும் பார்த்தாள். "பொருத்தம் பாக்கவே வேண்டாம். ரெண்டு குடும்பமும் அச்சு அசல்," என்றாள். கல்யாணம் நிலைத்துவிட்டது. ஆவுடையப்பனுக்குச் சந்தோஷப்படத்தான் தோன்றவில்லை.

ஹயாதே கைகளை ஊன்றி வந்து, தன் கால்களைத் தானே எடுத்துத் திருகிக்கொண்டு எழுந்தது. "அன்பர்களே, இனிச் சாமி கும்பிடலாம்," என்றது.

கேள்வி கூடாது என்பதை மறந்து ஆவுடையப்பன் கேட்டுவிட்டார்: "உள்ள கும்பிட்டாச்சே?"

"உள்ளே இருப்பது வெறும் பாறை. இம்மலையின் தெய்வம் ஒரு கண்ணாடி. முற்காலத்தில் குகைக்குள்ளேதான் இருந்தது. அக்காலத்து யாத்திரிகர்கள் செருப்பு அணிந்து வந்தார்கள். வெளியே விட்ட செருப்பைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார்களே தவிர, தெய்வத்தை ஒருவரும் பார்க்கவில்லை. பூசாரிகள் நெடுங்காலம் யோசித்தார்கள். மனிதரைத் திருத்துவதைவிடத் தெய்வத்தை நகர்த்துவது எளிது என்று முடிவு செய்து, இங்கே கொண்டுவந்து மாட்டினார்கள்."

ஹயாதே கண்ணாடியின் முன் கைகூப்பியது.

"அதன்பிறகு, உள்ளே போன எவரும் ஒரு கணம்கூடத் தெய்வத்தின் பக்கமிருந்து கண்ணை எடுத்ததில்லை."

உலகம்மாள் பதறி எழுந்து, இவ்வளவு நேரம் முதுகு சாய்த்திருந்த இடத்தை முந்தானையால் துடைத்தாள். திரவியம் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஆவுடையப்பன் கையில் சீப்பு இன்னும் இருந்தது. அதை எங்கே ஒளிப்பது என்று அவருக்குத் தெரியவில்லை.

"விழுந்து வணங்குங்கள்," என்றது ஹயாதே.

ஆவுடையப்பன் நிமிர்ந்து பார்த்தார். கண்ணாடிக்குள்ளே ஒரு கிழவர், ஊரார் கால்களில், தலை மட்டும் படிய வாரி நின்றுகொண்டிருந்தார். கண்களைத் தாழ்த்திக்கொள்ளலாமென்றால் கால்கள் தெரிந்தன.

"ஏற்றேன்," என்றார் கடைசியில். விழவேண்டும் என்று நினைத்ததுதான் தாமதம், புதுக்கால்கள் பட்டுப்போல் மடங்கி அவரை நெடுஞ்சாண்கிடையாகக் கிடத்தின.

"மிக்க மகிழ்ச்சி, தாணுமூர்த்தி ஐயா," என்றது தேன் குரல். "தங்கள் வணக்கம் தங்கள் கணக்கில் சேர்க்கப்பட்டது."