புத்தூர்க் கட்டு

ஜட்காவிலிருந்து விழுந்து ஒடிந்த வலது கைக்குப் புத்தூரில் போட்ட கட்டைப் பிரித்ததும், எர்னஸ்ட் முதலில் தேடியது மணிக்கட்டுத் தழும்பைத்தான். சிறு வயதில் நகரியில் கொதிக்கும் சாயத்தொட்டிக்குள் கைவிட்டு வாங்கிய தழும்பு. அதைக் காணோம்.

எலும்பு என்னவோ நன்றாகத்தான் கூடியிருந்தது. ஆனால் எத்தனை முறை சீயக்காய் போட்டுத் தேய்த்தாலும், கட்டுக்குள் வைத்த பச்சிலையும் முட்டை வெள்ளையும் கலந்த அந்த வாடை போகவில்லை. படுத்தால் தலையணையில் அடித்தது, சாப்பிட உட்கார்ந்தால் சோற்றில் அடித்தது, தட்டை நோக்கி நீளும் அந்த விரல்களைப் பார்த்தாலே அவனுக்குக் குமட்டியது. இடது கையால் சாப்பிட ஆரம்பித்தான்.

“இன்னாங்க இது, பீச்சாங்கையால துன்னுக்கினு?” அவன் மனைவி கிருபாபாய் பதறினாள்.

“இது என் கை இல்லடி. எங்க தழும்பு, காட்டு பாக்கலாம்!”

“இதோ இருக்குதே.” வெறும் தோலில் விரலை வைத்தாள்.

எரிச்சலில் அவனுக்கு அழுகையே வந்துவிட்டது. டாக்டரும் இதோ என்றார், பாதிரியாரும் இதோ என்றார். சித்தூரில் எல்லோருக்கும் கண் இருக்கிறது, அவனுக்குத்தான் இல்லையாம்! பட்டணத்துப் பைத்தியக்கார ஆஸ்பத்திரிக்கு அவனைக் கூட்டிப்போக மைத்துனன் ஆர்தர் காலையில் வருகிறான்.

“இன்னிக்கு ஒரு பொழுது கையப் பத்திப் பேசாம ஜெபத்துல உக்காருங்க,” என்றாள் கிருபாபாய். “அண்ணனை நான் திருப்பி அனுப்பிடறேன்.”

உட்கார்ந்தான். அவள் அவனுடைய வலது கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். இருவரும் கண்ணை மூடினார்கள். விளக்கு புகைந்தது. அந்த வாடை. பல்லைக் கடித்துக்கொண்டான்.

விரல்கள் அசைந்தன. அவன் அசைக்கவில்லை.

சொல்லக் கூடாது. மூச்சுக்கூட விடக் கூடாது.

ஆண்டவரிடம்கூட அவனை ‘எங்க வீட்டுக்காரர்’ என்றுதான் சொல்வாள் கிருபாபாய். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவன் பெயர் அவள் வாயில் வந்ததே இல்லை.

“எர்னஸ்ட்,” என்றாள்.

கண்ணைத் திறந்தான். அவள் அவன் முகத்தைப் பார்க்கவில்லை. மடியில் கிடந்த கையிடம் குனிந்திருந்தாள்.

“பயப்படாதீங்க எர்னஸ்ட். காலையில அண்ணன் வந்துடுவாரு. இந்தாளை அனுப்பிடலாம். நீங்க எங்கூடவே இருங்க.”

கை மெல்ல எழுந்தது. அவள் கண்ணீரைத் துடைத்தது.

மணிக்கட்டில் இருந்த தழும்பு இப்போது அவனுக்கும் நன்றாகத் தெரிந்தது.