விரலுக்குப் பின்னால்

நரம்பியல் வார்டின் கோடியில் இருந்த அந்தத் தனி அறைக்குள் நான் நுழைந்தபோது மதியம் மூன்று மணி. திரைகளை இழுத்து மூடியிருந்தார்கள். மருந்து வாடையோடு ஈரச்சுவரின் வாடையும் கலந்து வந்தது. நோயாளிகளின் கண் அசைவைச் சோதிப்பது என் வேலை. ஒரு டார்ச், ஒரு கைக்கண்ணாடி, ஒரு விரல், இவ்வளவுதான் என் ஆயுதங்கள். விரலை ஆட்டவா நாலு வருடம் படித்தாய் என்று என் தங்கை இன்றுவரை கிண்டல் செய்வாள்.

கட்டிலில் கிடந்தவள் தையல் கடை வைத்திருந்தவள். மூளையில் ரத்தம் உறைந்து ஒன்றரை மாதம் ஆகியிருந்தது. பேச்சில்லை, கைகால் அசையவில்லை, கண் மட்டும் திறந்திருந்தது. அந்தக் கண் என் விரலைப் பின்தொடர்ந்தால் மறுவாழ்வுப் பயிற்சி வார்டில் இடம் கிடைக்கும். இல்லையென்றால் இனி ஒன்றும் செய்வதற்கில்லை என்று வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். ஏற்கெனவே இரண்டு முறை தோற்றுவிட்டாள். இதுதான் கடைசி.

"எப்படியாவது பாருங்க மேடம்," என்றார் நாற்காலியில் இருந்த கணவர். "அவ உள்ளதான் இருக்கா. எனக்குத் தெரியும்."

"என் விரலையே பாரும்மா." இடம், வலம், மேல், கீழ் என்று நகர்த்தினேன். கண்ணாடியைக் காட்டினேன். அவள் பார்வை கதவைவிட்டு அசையவில்லை. கையைக் கீழே போட்டேன்.

அப்போது அவள் கண்கள் நகர்ந்தன.

கதவிலிருந்து கட்டிலின் கால்மாட்டை நோக்கி, மெதுவாக, ஒரே சீராக.

இதை நீங்கள் சாதாரணமாக எடுத்துக்கொள்ளக்கூடாது. மனிதக் கண்ணால் வெற்றிடத்தில் வழுக்கிக்கொண்டு போக முடியாது. வெறும் சுவரை ஒரு கோடியிலிருந்து மறு கோடிவரை பார்க்கச் சொன்னால் அது தத்தித் தத்தித்தான் போகும். அது வழுக்கிக்கொண்டு போகிறதென்றால், எதிரே ஏதோ ஒன்று நகர்ந்தாக வேண்டும்.

எதிரே ஒன்றும் இல்லை.

"எதைப் பாக்கறாங்க?" என்று கணவரிடம் கேட்டேன்.

"தினம் இந்த நேரத்துக்கு இப்படித்தான் சுத்திப் பாப்பா."

கண்கள் அவர் நாற்காலிக்குப் பின்னால் போய் நின்றன. அவர் பிடரியைத் தேய்த்துக்கொண்டார். "ஏசி கொஞ்சம் ஜாஸ்தி மேடம்."

ஏசி ஓடவில்லை.

"ஏதாவது முன்னேற்றம் உண்டா?" பெரிய டாக்டர் வாசலில் வந்து நின்றார். கணவர் என்னையே பார்த்தார். அந்த முகத்தைப் பார்த்தபிறகு என்னால் உண்மையைச் சொல்ல முடியவில்லை. எங்கள் தொழிலில் இருப்பவர்களுக்கு மட்டுமே தோன்றுகிற ஒரு திருட்டுத்தனம் செய்தேன். கண்கள் மறுபடி நகர ஆரம்பித்ததும், அவை போன பக்கமெல்லாம் என் விரலைக் கொண்டுபோனேன். விரல்தான் கண்ணுக்குப் பின்னால் போனது. வாசலில் நிற்பவருக்கோ கண் விரலுக்குப் பின்னால் போவதாகத் தெரியும்.

"நல்லா பாக்கறாங்களே. மாத்திடலாம்," என்று கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார். கணவர் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார்.

நான் விரலைச் சட்டென்று இடப்பக்கம் இழுத்தேன். கண்கள் இடப்பக்கம் வந்தன. நிறுத்தினேன். நின்றன.

ஆனால் பார்வை விரலில் இல்லை. சற்றுப் பின்னால் இருந்தது. விரலுக்கும் என் முகத்துக்கும் நடுவில்.

மூன்று வாரம் கழித்துப் பயிற்சி வார்டுக்குப் போனேன். அவள் தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். பேச்சு திரும்பியிருந்தது. கணவர் பக்கத்தில் பழம் நறுக்கிக்கொண்டிருந்தார். அவருக்குக் கேட்காதபடி என்னைக் கிட்டே அழைத்தாள்.

"மன்னிச்சிடுங்கக்கா."

"எதுக்கும்மா?"

"உங்க விரலைப் பாக்கணும்னு எனக்குத் தெரியும். ஆனா அந்த ரூம்ல சுத்திக்கிட்டிருந்ததுமேல இருந்து கண்ணை எடுத்தா, அது இவரைத் தொட்டுடும். அதான் ராப்பகலா பாத்துக்கிட்டே கிடந்தேன். அன்னைக்கு அது உங்க விரல் பின்னாலயே வந்துடுச்சு." அவள் கணவரை ஒருமுறை பார்த்துக்கொண்டாள். "எனக்கு நிம்மதியா இருந்துச்சுக்கா. பாவி நான்."

"இப்ப அது எங்க?"

அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. போர்வையின் மடிப்பையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நான் பாக்க மாட்டேன்."

என் அறைக்குத் திரும்பிக் கதவைச் சாத்தினேன். கண் அசைவைப் பதிவு செய்யும் கருவிக்கு முன்னால் நானே உட்கார்ந்து, ஐந்து நிமிடம் வெறும் சுவரைப் பார்த்தேன். சுவரைத் தவிர எதுவும் என் கண்ணில் படவில்லை. இதை எங்கே வேண்டுமானாலும் சத்தியம் செய்து சொல்வேன்.

பிறகு பதிவை ஓட்டிப் பார்த்தேன்.

ஒரு தத்தல்கூட இல்லை. என் கண்கள் அறையின் ஓரமாக வழுக்கிப் போய், திரும்பி, நடுவுக்கு வருகின்றன. அதன்பிறகு இரண்டும் மூக்கை நோக்கி மெல்ல மெல்ல உள்ளே திரும்புகின்றன. ஒரு பொருள் நேராக முகத்தை நெருங்கி வந்தால் மட்டுமே கண் அப்படித் திரும்பும்.

கடைசி இரண்டு நிமிடமும் அவை அசையவே இல்லை. மூக்கு நுனிக்கு நாலு விரற்கடை தூரத்தில், எதையோ உற்றுப் பார்த்தபடி நிற்கின்றன.