மேல் சுவர் ஓரத்துப் பனி

பனிச்சறுக்கு ஹாலைக் குளிர்விக்கிற சில்லர் மெஷினை நிறுத்தி ஒன்பது நாள் ஆகிவிட்டது. இருந்தும் சறுக்குமேட்டின் உச்சியில், மேல் சுவரை ஒட்டிக் கிடந்த பனி மட்டும் கரையவில்லை.

மீராசா அதை மூன்றாம் நாளே கவனித்திருந்தார். கீழ்ப்பகுதியெல்லாம் இளகிச் சேறாக ஓடி, பம்பு வைத்து இறைத்துக் கொட்டி, இப்போது கறுப்புத் தரையும் துருப்பிடித்த குளிர்க்குழாய்களும் வெளியே தெரிந்தன. வெளியில் நாற்பத்தேழு டிகிரி வெயில். தகரக் கூரை சூட்டில் விரிந்து டப் டப்பென்று தெறித்துக்கொண்டிருந்தது. பதினேழு வருஷம் பனிக்குள் அடைபட்டுக் கிடந்த ஈரக் காலுறை வாடையும் ரப்பர் வாடையும் ஒன்றாகக் கிளம்பித் தொண்டையில் ஒட்டின. மேலே, ஆள் உயரத்துக்கு, இருபதடி நீளத்துக்கு, அந்தத் திட்டு மட்டும் அப்படியே நின்றது. அதன் மேல் ஒரு சொட்டு ஈரம்கூட இல்லை.

"அங்க இன்சுலேஷன் நல்லாப் போட்டிருக்கான் மீராசா காக்கா, வேற ஒண்ணுமில்ல," என்றார் சூப்பர்வைசர் சாதிக் பாட்ஷா. "உடைச்சு எடுத்திட்டா கலாஸ், வேலை முடிஞ்சுது. நாளைக்கு ஹாலை ஒப்படைக்கணும். நீங்க கூட நின்னு பாத்துக்கங்க."

மீராசாவுக்கு ஐம்பத்தாறு வயசு. முழங்கால் இரண்டும் குளிரில் தேய்ந்துபோயிருந்தன. ஹால் திறந்த நாள் முதல் அவர்தான் ஸ்டோர்கீப்பர். ஒரு சின்ன ஜன்னல் வழியாக ஜாக்கெட்டும் பூட்ஸும் கொடுத்து, திரும்ப வாங்கி, துடைத்து அடுக்குகிற வேலை. ஒப்படைத்த மறுநாள் கீழக்கரைக்குப் போகலாம். போய்த் தூங்க வேண்டும். அதைத் தவிர அவருக்கு வேறு ஆசை எதுவும் மிச்சமில்லை.

ராஸ் அல் கைமாவிலிருந்து மலைக்கு ஏறுகிற சாலையோரம் இந்த ஹாலை முதலாளி கட்டியபோது, முதல் வருஷம் கார்கள் மெயின் ரோடு வரைக்கும் வரிசை கட்டி நின்றன. அப்புறம் நகரத்து மால்களில் இதைவிடப் பெரிய பனிமேடுகள் வந்தன. கூட்டம் குறைந்து, பள்ளிக்கூட பஸ்கள் மட்டும் வந்தன. கொரோனா வந்தபோது அதுவும் நின்றது. ஆள் நடமாட்டமே இல்லாத ஹாலுக்குள் சில்லர் மட்டும் மாதக்கணக்கில் ஓடியது. முதலாளி மௌத்தாகி அடக்கமானதும் பிள்ளைகள் இழுத்து மூடிவிட்டார்கள்.

காண்ட்ராக்ட் ஆள் அருள்ராஜ் பிரேக்கர் மெஷினை வைத்துத் திட்டின் ஓரத்தை நேராக வெட்டினான். வெட்டின பக்கத்தில் வருஷங்கள் அடுக்கடுக்காகத் தெரிந்தன. மேலே அழுக்கு வெள்ளை. நடுவில் பழுப்புக் கோடு: கதவு மூட முடியாமல் மணல்காற்று உள்ளே புகுந்த வருஷம். அதற்குக் கீழே பச்சை: தேசிய தினத்துக்குச் சாயப்பொடி தூவிய வருஷம். இன்னும் கீழே, சாம்பல் நிறத்தில், இரண்டாம் வருஷம்.

அங்கேதான் மெஷின் முனை சடக்கென்று உள்ளே போனது.

"பாய், இங்க பொந்து இருக்கு."

"எலியா?" என்றார் மீராசா.

"எலிப் பொந்து இவ்ளோ பெருசா இருக்காது பாய்." அருள்ராஜ் மெஷினை நிறுத்தி, கையுறையைக் கழற்றி, துவாரத்தின் முன் உள்ளங்கையைக் காட்டினான். உடனே இழுத்துக்கொண்டான். "சூடா காத்து வருது."

பன்னிரண்டரை ஆகியிருந்தது. ஜெனரேட்டரை நிறுத்திவிட்டு எல்லோரும் சாப்பாட்டுக்குப் போய்விட்டார்கள். விளக்குகள் அணைந்தன. வாசல் பக்கம் மட்டும் ஒரு வெள்ளைக் கீற்று.

மீராசாவும் போயிருக்கலாம். அந்தச் சாம்பல் அடுக்கு அவரை விடவில்லை.

இரண்டாம் வருஷம் பழனிச்சாமி என்று ஒருவன் இருந்தான். பெரம்பலூர்ப் பக்கம். பனி தள்ளுகிற வேலை. மனைவி நாகவள்ளிக்குப் பிரசவம் என்று லீவு கேட்டு மேனேஜர் வாசலில் நின்றுகொண்டிருந்தவன். மேல் சுவரோரம் குழாய் கசிகிறது, பள்ளம் தோண்டிப் பார் என்று ஒரு மதியம் அவனை அனுப்பினார்கள். சாயங்காலம் பனி மெஷினைப் போட்டார்கள். இரவு ரூமுக்கு அவன் வரவில்லை.

"லீவு குடுக்கலேன்னு ஓடிட்டான்," என்றார் மேனேஜர். "ஜாக்கெட், பூட்ஸ் திருப்பிக் குடுத்துட்டான்னு எழுதிக் கையெழுத்துப் போடு மீராசா. போலீஸ்ல குடுக்கணும்."

பழனிச்சாமி எதையும் திருப்பிக் கொடுக்கவில்லை. மீராசாவுக்கு அது தெரியும். அவருடைய விசாவும் அந்த மேனேஜர் கையில்தான் இருந்தது. எழுதிக் கொடுத்தார். ஜாக்கெட் திரும்பி வந்துவிட்டதால் ஆள் வெளியே போய்விட்டான் என்றாகிவிட்டது. யாரும் தேடவில்லை. மறுநாள் மேலே ஏறிப் பார்த்தபோது பள்ளம் இருந்த இடம் மட்டமாக, வெள்ளையாக இருந்தது. அதன் மேல் பிள்ளைகள் சறுக்கிக்கொண்டிருந்தார்கள்.

நாகவள்ளி வருஷக்கணக்கில் போன் செய்தாள். "அண்ணே, நீங்கதானே கடைசியாப் பாத்தது? எதாவது சொல்லிட்டுப் போனாராண்ணே?"

"ஒண்ணும் சொல்லலம்மா. ஜாக்கெட்டைக் கழட்டிக் குடுத்திட்டுப் போனாரு."

சொல்லிச் சொல்லி, பழனிச்சாமி ஜன்னலில் ஜாக்கெட்டை வைத்துவிட்டு நடந்துபோவது அவர் கண்ணுக்கே தெரிய ஆரம்பித்திருந்தது.

மீராசா சரிவில் மெல்ல ஏறினார். போன் டார்ச்சைப் போட்டார். துவாரத்தைச் சுற்றியிருந்த ஐஸை அங்கே கிடந்த கடப்பாரையால் இரண்டு மூன்று தடவை குத்தியதும் பொளபொளவென்று உதிர்ந்து வழிவிட்டது.

பிணம் இருக்கும் என்றுதான் நினைத்தார். இருந்தால் தேவலை என்றுகூட நினைத்தார்.

பிணம் இல்லை. குழாய் போல ஒரு வழி. ஒரு ஆள் குப்புறப் படுத்தால் தோள் இரண்டும் உரசுகிற அகலம். உருகிச் சொட்டி உண்டான பள்ளம் மாதிரி இல்லை. துணியால் தேய்த்துத் தேய்த்து மெருகேறின சுவர். தரையில் இரண்டு வரிசைக் குழிகள். இடது, வலது. இடது, வலது. முழங்கை ஊன்றின குழிகள்.

அந்த வழி சரிவாக இறங்கி, திட்டின் கீழ் முகத்தில், வெளியே தெரியாதபடி மெல்லிய ஐஸ் ஏடு மூடிய வட்டமாக முடிந்திருந்தது. அதற்கு அப்பால் வெறும் தரை. அங்கே இருந்த பனி கரைந்துபோயிருந்தது. கீழே வாசல் வரைக்கும் இது போயிருந்திருக்கும். எத்தனை தடவை. பள்ளிப் பிள்ளைகள் கத்திக்கொண்டு மேலே சறுக்கும்போதெல்லாம், அவர்களுக்கு ஒரு அடி கீழே.

உள்ளிருந்து காற்று முகத்தில் பட்டது. வெதுவெதுப்பாக. ஈரக் கம்பளி வாடை. அதற்கடியில் ஆள் வாடை.

சர்ர்.

ஐஸின் மேல் துணி இழுபடும் சத்தம்.

சர்ர்.

"பழனி..." குரல் அவருடையதாகவே இல்லை. "பழனி, நான் மீராசா. நான்தான் எழுதிக் குடுத்தேன். நீ வெளியே போயிட்டேன்னு."

சத்தம் நின்றது.

மீராசா மண்டியிட்டார். முழங்கால் வலித்தது. ஓட வேண்டும் என்று தோன்றவில்லை. ஓடுவதற்கு உடம்பில் எதுவும் இல்லை. கையை நீட்டி டார்ச்சை உள்ளே காட்டினார்.

வழி வளைந்து சுவரோரம் போயிற்று. வளைவுக்குச் சற்று முன்னால், வெளிச்சம் எட்டுகிற கடைசி இடத்தில், இரண்டு பூட்ஸ்களின் அடிப்பாகம். குதிகால் மேலே, விரல் பக்கம் கீழே. அவரை விட்டு விலகி ஊர்ந்து போகிற வாக்கில் நின்றிருந்தன. அடிப்பக்கத்தில் மஞ்சள் பெயிண்டில் எண். பழனிச்சாமிக்குக் கொடுத்த ஜோடியில் அவர் கையால் எழுதின எண். பெயிண்ட் புதுசாக இருந்தது.

வெளியே யாரோ சிரித்தார்கள். கார்க் கதவு சாத்துகிற சத்தம். வெகு தூரத்தில்.



திரும்பிப் படுக்க இடமே இல்லாத அந்த வழிக்குள், அவசரமே இல்லாமல், இரண்டு பாதங்களும் ஒரே பக்கமாகத் திரும்பத் தொடங்கின.