நடக்காத மூன்றாவது ஆட்டம்

ஈரமான டிக்கெட் ஒன்று மேஜைமேல் வந்து விழுந்தது.

இளவரசி தலையை நிமிர்த்தவில்லை. காலையிலிருந்து அவள் யார் முகத்தையும் பார்க்கவில்லை. டிக்கெட்டை வாங்குவது, நம்பரைச் சரிபார்ப்பது, நோட்டில் பெயர் எழுதுவது, கையெழுத்து வாங்கிக்கொண்டு ஐம்பது ரூபாயை நீட்டுவது... இதற்கு முகம் எதற்கு?

"பேரு?"

"பாண்டியன்."

"ஊரு?"

"ஐயங்கார்குளம்."

பேனா நின்றுவிட்டது. மெதுவாக நிமிர்ந்து பார்த்தாள்.

அவனேதான். தலைமுடியிலிருந்து மழை சொட்டிக்கொண்டிருந்தது. அந்தக் கண்கள்... இரண்டு நாளாக அவளைத் தூங்கவிடாத அதே கண்கள். கருகருவென்று, கோபமே இல்லாமல், அவளையே பார்த்துக்கொண்டிருந்தன. கோபமாவது இருந்திருந்தால் பரவாயில்லை என்று தோன்றியது அவளுக்கு.

"கோட்டோரம் கொடி புடிச்சிக்கினு நிக்கிற ஆளுக்கு எதுக்குங்க டிக்கெட்டு? ஓசியிலயே பாக்கலாமே!" என்றாள் வெடுக்கென்று.

"மூணாவது மேட்ச்சுக்கு எனக்கு டூட்டி போடல. அதான் காசு குடுத்து வாங்குனேன்... உங்க கையிலதான்."

"என் கையிலயா? எப்போ?"

"வியாழக்கெழம. அன்னிக்கும் நீங்க தலைய நிமித்தல. டிக்கெட்ட கிழிச்சி நீட்டிட்டு 'அடுத்தது'ன்னீங்க." அவன் உதட்டோரத்தில் ஒரு சிரிப்பு வந்து, வந்த வேகத்திலேயே காணாமல் போனது. "நான் அடுத்ததா திரும்பி வந்து நிக்கலாமான்னு யோசிச்சேன். கையில காசு இல்ல."

வேறொரு நாளாக இருந்தால் இளவரசி சிரித்திருப்பாள். இன்றைக்குச் சிரிப்பு வருமா? வராது. அவன் யார் என்று உங்களுக்குத் தெரிந்தால் நீங்களும் அப்படித்தான் சொல்வீர்கள்.

உத்திரமேரூர் மைதானத்தில் வட்டார வாலிபால் கோப்பை. இறுதிப் போட்டியில் சாலவாக்கமும் தென்னேரியும். மொத்தம் மூன்று ஆட்டம், இரண்டில் ஜெயித்தால் கோப்பை. மூன்றுக்கும் முன்கூட்டியே டிக்கெட் விற்றாகிவிட்டது. முதல் ஆட்டம் தென்னேரிக்குப் போனது. வெள்ளிக்கிழமை நடந்த இரண்டாவது ஆட்டத்தின் கடைசிப் பந்தை ஓங்கி அடித்தவன் சாலவாக்கம் கேப்டன் தினேஷ்குமார், இளவரசியின் ஒரே தம்பி. பந்து கோட்டின்மேல் விழுந்ததா, வெளியே விழுந்ததா? கோட்டோரம் நின்ற ஐயங்கார்குளத்துப் பாண்டியன் கொடியை மேலே தூக்கினான். அவுட்! ஆட்டம் தென்னேரிக்கு, கோப்பையும் தென்னேரிக்கு. ஞாயிற்றுக்கிழமை மூன்றாவது ஆட்டத்துக்கு வேலையே இல்லாமல் போய்விட்டது. டிக்கெட் வாங்கினவர்களெல்லாம் வந்து பணத்தைத் திரும்ப வாங்கிக்கொள்ளலாம் என்று வாலிபால் கழகம் நோட்டீஸ் ஒட்டியது.

தென்னேரிக்காரர்கள் சிரித்துக்கொண்டே வந்து வாங்கிப் போனார்கள். சாலவாக்கத்திலிருந்து ஒரு ஆள்கூட வரவில்லை. காரணம் அந்த நோட்டு. 'இறுதிப் போட்டி முடிந்துவிட்டதால் பணம் பெற்றுக்கொண்டேன்' என்று ஒவ்வொரு பக்கத்தின் தலையிலும் அச்சடித்திருந்தது. அதன்கீழே கையெழுத்துப் போட்டால் தோல்வியை ஒத்துக்கொண்டதாக ஆகிவிடுமாம். 'எவனும் ரீஃபண்டு வாங்கக் கூடாது. பந்து இன்னு, கோட்டுமேலதான் வுழுந்துச்சி. மூணாவது மேட்ச் நடந்தே ஆகணும்' என்று ஊர் வாட்ஸ்அப் குரூப்பில் போட்டுவிட்டார்கள். நடவுக் கூலிக்குப் போகிற சிட்டம்மாள் மட்டும் இரண்டு டிக்கெட்டோடு கேட் வரைக்கும் வந்தாள். அங்கே நின்ற பையன்கள் பார்த்த பார்வையில் டிக்கெட்டை முந்தானையில் முடிந்துகொண்டு திரும்பிப் போய்விட்டாள். நூறு ரூபாய் அவளுக்கு அரைநாள் வெயில். அதை யார் நினைத்தார்கள்?

டிக்கெட் மேஜைக்கு ஊருக்கு ஒருவர் என்று ஏற்பாடு. சாலவாக்கம் சார்பில் பி.காம். படித்த இளவரசி.

"கையெழுத்துப் போடுங்க," என்று நோட்டைத் திருப்பி வைத்தாள்.

"போடறேன். காசு வாணாங்க... அஞ்சு மணிக்கு விசாரணைன்னு வரச் சொன்னாங்க. சீக்கிரமா வந்துட்டேன். ஆபீஸ் வராண்டால நிக்க வுட மாட்டேங்கறாங்க உங்க ஊரு பசங்க. இந்தத் தகர ஷெட்டு ஒண்ணுதான் ஒதுங்க கெடச்சிது."

விசாரணை! சாலவாக்கம் கொடுத்த புகார் மனு. லைன்ஸ்மேன் தென்னேரியிடம் காசு வாங்கிவிட்டான் என்று. அது நிரூபணமானால் அவனுடைய நடுவர் கார்டு பறிபோகும். ஒரு தனியார் பள்ளியில் தற்காலிக விளையாட்டு ஆசிரியராக இருக்கிறானாம். அதுவும் போகும். மூன்றாவது ஆட்டம் நடக்கும்.

பாவமாக இருந்தது. அந்த இரக்கத்தைக் காட்டிக்கொள்ளக் கூடாது என்ற வீம்பில்தான் அவள் அதைக் கேட்டுத் தொலைத்தாள்.

"தென்னேரிக்காரங்க எவ்ளோ குடுத்தாங்க?"

அவன் பேனாவைக் கீழே வைத்தான்.

"நீங்களே கேக்கறீங்களா?"

அவ்வளவுதான். திட்டவில்லை, முறைக்கவில்லை. திரும்பித் தகர ஷெட்டின் ஓரத்தில் போய் நின்று மழையைப் பார்த்தான். இளவரசிக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது.

ஏனென்றால்... அவள் பார்த்திருந்தாள்.

வெள்ளிக்கிழமை அவள் மேஜை கோட்டுக்கு மூன்றடி தள்ளிக் கிடந்தது. தம்பி அடித்த பந்து அவள் கண் முன்னால்தான் விழுந்தது. கோட்டில் விழுந்திருந்தால் சுண்ணாம்புத் தூள் பறந்திருக்கும். பறக்கவில்லை. நாலு விரற்கடை வெளியே, செம்மண்ணில் வட்டமாக ஒரு தடம். கொடி மேலே போன அதே நொடியில் கொடி பிடித்தவனின் கண்கள் அவள்மேல் வந்து நின்றன. ஒரு கணம்... இரண்டு கணம்... உலகத்தில் அவர்கள் இருவருக்கு மட்டும் தெரிந்த விஷயம் ஒன்று அங்கே இருந்தது. அடுத்த நிமிடம் கூட்டம் உள்ளே புகுந்து தடத்தை மிதித்து அழித்துவிட்டது. மிச்சம் மீதியை மழை கரைத்துவிட்டது.

அவள் யாரிடமும் சொல்லவில்லை. எப்படிச் சொல்வாள்?

நாலரை மணிக்கு தினேஷ்குமார் வந்தான். மூன்று நாள் தாடி. கண் இரண்டும் கோவைப்பழமாகச் சிவந்திருந்தன. ஷெட்டின் ஓரத்தில் நின்றவனை ஒரு பார்வை பார்த்துவிட்டு, அக்காவின் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தான்.

"அக்கா... நீ கோட்டாண்டதான இருந்த. செயலாளர் கேட்டா இன்னுனு ஒரு வார்த்த சொல்லிடு. போதும்."

"நீ பாத்தியாடா?"

"அடிச்சப்போ கண்ண மூடிக்கினேன். ஆனா எனக்குத் தெரியும் அக்கா, அது இன்னுதான். உள்ளதான் வுழுந்திருக்கும், வேற?" அவன் குரல் உடைந்தது. "மூணாவது மேட்ச்சுக்கு மெட்ராஸ்லருந்து கம்பெனி டீம் கோச் வர்றதா இருந்தாரு. ஆட்டத்தப் பாத்துட்டு வேல போட்டுத் தரன்னாரு. வர்ற மாசம் எனக்கு அந்த வேலைக்கான வயசு தாண்டிடும். நைனா நெலத்த அடமானம் வச்சி என்ன ஆட அனுப்பிச்சாரு... உனக்குத் தெரியாதா?"

தெரியும். எல்லாம் தெரியும். அதனால்தானே இரண்டு நாளாகச் சோறு இறங்கவில்லை. தம்பியின் தலையை ஒரு தடவை தடவிக் கொடுத்தாள். அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டு அவன் எழுந்து போனான்.

ஐந்து மணிக்கு ஆபீஸ் அறையில் நிற்க இடமில்லை. ஈரச் சட்டைகளின் வாடை. கழகச் செயலாளர் மனுவைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"பாண்டியா, உன் பக்கம் சாட்சி யாராச்சும் உண்டா?"

இளவரசி பாண்டியனின் கையையே பார்த்தாள். இதோ கையை நீட்டப் போகிறான்... 'அதோ, அவங்க பாத்தாங்க சார்' என்று சொல்லப் போகிறான்...

"யாரும் இல்ல சார். அவுட்டுனு பாத்தேன், கொடி தூக்குனேன்."

"எங்க பக்கம் கீது சார்!" என்று தினேஷ்குமார் முன்னால் வந்தான். "எங்க அக்கா பக்கத்துலதான் ஒக்காந்துக்கினு இருந்துச்சி. கேளுங்க."

எல்லாத் தலைகளும் அவள் பக்கம் திரும்பின. செயலாளர் வாயைத் திறப்பதற்குள் பாண்டியன் சட்டைப்பையிலிருந்து நடுவர் கார்டை எடுத்து மேஜைமேல் வைத்தான்.

"அவங்கள ஒண்ணும் கேக்காதீங்க சார். கார்டு தோ கீது. வச்சிக்கோங்க. நான் கெளம்பறேன்."

"பாத்தீங்களா, மாட்டிக்கினதும் ஓடறான்!" என்று யாரோ கத்தினார்கள். விசில் பறந்தது.

அவன் கதவு வரைக்கும் போய்விட்டான். இளவரசியின் கண் முன்னால் இரண்டு பேர். தம்பி முகம் ஒரு பக்கம், அந்த நனைந்த முதுகு ஒரு பக்கம். வாயைத் திறக்காமல் இருந்தால் போதும், தம்பிக்கு வேலை கிடைத்துவிடும். வாயைத் திறக்காமல் இருப்பது எவ்வளவு சுலபம்! இரண்டு நாளாக அதைத்தானே செய்தாள்.

"பந்து வெளிய வுழுந்துச்சி சார்."

விசில் நின்றது.

"நாலு வெரக்கட வெளிய. சுண்ணாம்பு பறக்கல. நான் கண்ணால பாத்தேன். அவர் யாருகிட்டயும் காசு வாங்கல."

"அக்கா..." என்றான் தினேஷ்குமார். சின்ன வயதில் கீழே விழுந்து அடிபட்டால் அழுவதற்கு முன்னால் அவளை ஒரு மாதிரி பார்ப்பானே, அப்படிப் பார்த்தான். பிறகு கூட்டத்தை விலக்கிக்கொண்டு மழையில் இறங்கிப் போய்விட்டான்.

"அவன் யாரு, நாம யாரு? கூடப் பொறந்தவன வுட்டுட்டு அவனுக்குப் போயி சாட்சி சொல்லுது பாரு!" என்று தம்பியின் கூட்டாளி ஒருவன் காறித் துப்பினான். செயலாளர் கார்டை எடுத்துப் பாண்டியன் கையில் திரும்பக் கொடுத்தார். மனு தள்ளுபடி, ரீஃபண்டு ஆறரை வரைக்கும் என்று அறிவித்தார்.

அப்புறம் சாலவாக்கத்துக்காரர்கள் ஒவ்வொருவராக வந்தார்கள். கையெழுத்துப் போட்டார்கள், ஐம்பது ரூபாயை வாங்கிக்கொண்டார்கள். பள்ளிக்கூடத் தோழி சசிரேகாகூட ரூபாயை எடுத்துக்கொண்டு பேசாமல் போனாள். காலையில் இளவரசி தலையை நிமிர்த்தவில்லை. இப்போது நிமிர்த்தினாலும் பார்ப்பதற்கு ஒரு முகம் இல்லை.

கடைசி ஆளும் போன பிறகு இளவரசி மேஜைமேல் முகத்தைக் கவிழ்த்துக்கொண்டு அழுதாள். அடக்க வேண்டும் என்றுகூட அவளுக்குத் தோன்றவில்லை.

"கடைசி பஸ்ஸு இன்னும் இருக்குதுங்க," என்றது ஒரு குரல். "பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கொட இல்லாம போவ முடியாது. ஒண்ணு கேட்டு வாங்கியாந்தேன்."

பாண்டியன் போகவில்லை. தகர ஷெட்டின் அதே ஓரத்தில், கையில் யாருடையதோ ஒரு பழைய குடையோடு நின்றிருந்தான்.

"நான் பாத்தேன்னு உங்களுக்கு அன்னிக்கே தெரியும்ல?" என்றாள் கண்ணைத் துடைக்காமலே.

"தெரியும். கொடி தூக்குனதும் பந்து வுழுந்த எடத்தப் பாக்கணும். நான் உங்க கண்ணப் பாத்தேன். நல்ல லைன்ஸ்மேன் அப்டி பண்ணக் கூடாது."

"அப்ப ஏன் என் பேர சொல்லல? கேட்டாரே... வாயில இன்னா கொழுக்கட்டையா இருந்துச்சி?"

தகரத்தின்மேல் மழை இரைந்தது.

"எனக்கு இந்த வேல போனா இன்னொரு வேல தேடிக்கலாங்க... உங்களுக்கு இன்னொரு தம்பிய எங்கருந்து தேட்றது?"

இளவரசி அவனையே பார்த்தாள். யார் இவன்? நேற்றைக்கு முன்தினம் வரை பெயர்கூடத் தெரியாது. அவளுடைய தம்பிக்காக, அவளே 'எவ்வளவு வாங்கினாய்' என்று கேட்ட பிறகும், கார்டை எடுத்து வைத்துவிட்டுப் போகப் பார்த்தவன். அவன் போயிருந்தால் வாழ்நாள் முழுக்க அந்த நனைந்த முதுகு அவள் கண்ணைவிட்டுப் போயிருக்காது.

"தம்பி இனிமே எங்கூட பேச மாட்டான்..."

"பேசுவாரு. எப்பன்னுதான் எனக்குச் சொல்லத் தெரியல." அவன் தயங்கினான். "அந்த டிக்கெட்ட நான் மேட்ச் பாக்கறதுக்கு வாங்கலீங்க. மூணாவது மேட்ச்சுக்கும் நீங்க அதே மேஜையில இருப்பீங்கன்னு... அது நடக்காம போனதுக்கும் நானே காரணமாயிட்டேன். இதுல பேஜார் இன்னான்னா, திரும்ப அதே பந்து வுழுந்தாலும் அதேமாரி கொடி தூக்குவேன்."

"தூக்கணும்," என்றாள் அவள்.

"உங்க புண்ணியத்துல என் பேரு தப்பிச்சிச்சி. நெஜத்துக்காவ இவ்ளோ பெரிய..."

"நிறுத்துங்க."

அவன் நிறுத்தினான். இளவரசி நோட்டை மூடினாள். வீட்டில் இன்றைக்கு என்ன நடக்கும் என்று அவளுக்குத் தெரியும். அம்மா வாசலில் நின்று கத்துவாள், நைனா பேசாமல் உள்ளே போய்விடுவார், தம்பியின் கதவு சாத்தியிருக்கும். அவன்மேல் இருக்கிற ஆசையில்தான் சாட்சி சொன்னாள் என்று ஊர் பேசும் என்பதும் தெரியும். எப்படியும் பேசத்தான் போகிறார்கள். அவர்கள் பேசுவதில் உண்மை இருக்கிறது என்பது இந்தக் கணத்தில் அவளுக்குத் தெளிவாகத் தெரிந்தது.

"நெஜத்துக்காவ மட்டும் சொன்னேன்னு நெனச்சிக்காதீங்க," என்றாள். "நெஜத்த ரெண்டு நாளா உள்ளயே வச்சிக்கினு சும்மாதான் இருந்தேன். இன்னும் இருபது வருசம்கூட வச்சிக்கினு இருந்திருப்பேன்... நீங்க அந்தக் கதவத் தாண்டிப் போறதத்தான் என்னால பாக்க முடியல."

பாண்டியன் குடையை விரித்து அவள் பக்கமாக நீட்டிப் பிடித்துக்கொண்டு நின்றான். அவன் கண்கள் நிறைந்திருந்தன. அவள் எழுந்து வந்து குடைக்குள் நின்றாள்.